மையாடாத ஏடு

கேள்வி சுருக்கமாக இது. வெள்ளவத்தையில் இருக்கும் ஒரு கம்பஸ் பிள்ளை தமிழில் மாயப் புனைவு நாவல் எழுதுகிறார். அவருடைய கற்பனை உலகத்தில் ஏரிக்குள் மூழ்கிய நகரம் ஒன்று உண்டு. அதன் அடியில் ஒரு மறைநூல் கிடக்கிறது. தோல் அட்டை, பொன் எழுத்து, தொட்டால் தானாகத் திறந்து ஒளி வீசும். வாசித்த தோழிகள், "நல்லாத்தான் இருக்கு, ஆனா இங்கிலீஷ் படம் பார்த்த மாதிரி இருக்கு" என்றார்களாம். அதனால் நூலை ஏட்டுச்சுவடி ஆக்க யோசிக்கிறார். என்னென்ன கவனிக்க வேண்டும், தனி எழுத்துமுறை ஒன்றும் உருவாக்க வேண்டுமா, வாசகர் எப்படி நம்புவார் என்று கேட்கிறார்.

தங்கச்சி, தோல் அட்டை என்று இருந்த இடத்தில் பனையோலை என்று மாற்றி எழுதினால் அது ஏடு ஆகிவிடாது. புத்தகத்துக்கு ஓர் உடம்பு, ஏட்டுக்கு வேறோர் உடம்பு. அந்த உடம்பை அறிந்துகொண்டால் மந்திரத்தை வெளியிலிருந்து கொண்டுவர வேண்டிய தேவை பெரும்பாலும் வராது. இது இருபது வருடமாகப் பிறர் வீட்டு ஏடுகளைப் பிரித்து, தூசி தட்டி, படி எடுத்துப் பார்த்தவனின் பேச்சு. கொஞ்சம் நீளும்.

முதலில் அந்த ஒளியை அணைத்துவிடுங்கள். ஏட்டில் எழுதுவது என்றால் கீறுவது. எழுத்தாணியின் கூர் ஓலையின் மேல்தோலை மட்டும் கீறிக்கொண்டு போகும். கையை ஓடவிட்டு எழுதுவதில்லை. இடது கைப் பெருவிரலில் எழுத்தாணியைத் தாங்கிக்கொண்டு ஓலையைத்தான் மெல்ல நகர்த்துவார்கள். கீறி முடித்த ஓலையைப் பார்த்தால் ஒன்றுமே தெரியாது. நகம் பட்டது போல ஒரு சொரசொரப்பு, அவ்வளவுதான். வெயிலுக்குச் சாய்த்துப் பிடித்தால் கண்ணுள்ளவன் நாலு எழுத்தை எடுப்பான். கரித்தூளையும் ஊமத்தை, கோவை போன்ற இலைகளின் சாற்றையும் மஞ்சளையும் கூட்டித் தடவித் துடைத்தால்தான் கீறலுக்குள் கறுப்பு நின்று எழுத்து எழும்பும். இதற்குத் தமிழில் மையாடுதல் என்று பெயர். சிங்களப் பக்கத்தில் கரியோடு தும்மல என்ற பிசின் எண்ணெய் சேர்ப்பார்கள். மேலே மிஞ்சிய மையைத் தவிடு போட்டுத் துடைத்தெடுப்பார்கள்.

இப்போது யோசித்துப் பாருங்கள். எழுதப்பட்டு, ஆனால் மையாடாமல் விடப்பட்ட ஏடு. உங்கள் நாயகியின் கையில் வெறும் ஓலைக்கட்டு. காவலன் வாங்கிப் புரட்டிப் பார்த்துவிட்டு, "வெற்றோலை" என்று திருப்பிக் கொடுத்துவிடுவான். நாலு அத்தியாயம் அவள் அதைத் தலைக்கு வைத்துப் படுக்கலாம். பிறகு ஒருநாள் அடுப்படியில் கரிக்கை படுகிறது, ஒரு வரி எழும்புகிறது. இதில் மாயமே இல்லை. ஆனாலும் எந்த ஒளி வீசும் எழுத்தையும்விட இது மயிர்க்கூச்செறிய வைக்கும். மாயம் வேண்டும் என்றால் மையில் வையுங்கள்: எந்தக் கரியைத் தடவினால் எந்த வரி எழும்பும் என்று. எரிந்த வீட்டின் கரிக்கு ஒரு பாட்டு, விளக்குக் கரிக்கு இன்னொன்று.

ஓலை எந்த மரத்தினது என்பதையும் முடிவு செய்யுங்கள். யாழ்ப்பாணத்தில் பனை. தெற்கிலும் மலைநாட்டிலும் தாளிப்பனை. சிங்களத்தில் தல என்பார்கள். பனையோலை ஒடுங்கல், தடிப்பு. தாளியோலை அகலம், மென்மை, மையும் நன்றாகப் பிடிக்கும். எழுதுவதற்கு எடுப்பது விரியாத குருத்தோலை. ஈர்க்கு நீக்கி, அவித்து, வெயிலிலும் பனியிலும் மாறி மாறிக் காயவைத்து, வழுவழுப்பான தடியில் இழுத்து இழுத்து மெருகேற்ற வேண்டும். ஒருமுறை நானே செய்து பார்க்கலாம் என்று வெள்ளவத்தை மாடி வீட்டில் அண்டா வைத்து அவித்தேன். கடற்காற்றும் ஒக்டோபர் மழையும் சேர்ந்து மூன்றாம் நாளே எல்லாம் பூஞ்சணம். அண்டாவும் கறுத்துப்போய் வீட்டில் வாங்கிக் கட்டிக்கொண்டது தனிக்கதை. ஆனால் அன்றைக்குத்தான் விளங்கியது, ஓர் ஏடு எழுத முன்னரே அதற்குள் எத்தனை நாள் உழைப்புப் போயிருக்கிறது என்று. உங்கள் நாவலில் "பண்டைய ஞானி ஓரிரவில் எழுதி முடித்தார்" என்றொரு வரி இருந்தால் வெட்டிவிடுங்கள்.

தாளிப்பனையைப் பற்றி இன்னொன்று. அது வாழ்நாளில் ஒரே ஒருதடவைதான் பூக்கும். முப்பதிலிருந்து எண்பது வருடம் வரை சும்மா நின்றுவிட்டு, உச்சியில் ஆறு எட்டு மீற்றர் உயரத்துக்குப் பூங்கொத்து விரித்து, காய்த்து, செத்துப்போகும். எழுதுவதற்குக் குருத்து வேண்டும் என்றால் பூக்காத மரம் வேண்டும். உங்கள் உலகத்தில் ஒரே வயதுத் தாளந்தோப்பு ஒன்று இருந்து, அந்தத் தோப்பு முழுவதும் ஒரே பருவத்தில் பூத்துவிட்டால்? ஊர் முழுக்க அழகு பார்க்கிறது. ஏடெழுதுபவன் மட்டும் அழுகிறான், இனிப் படி எடுக்க ஓலை இல்லை. இந்தக் காட்சியை நான் எழுதியிருப்பேன். கதை எழுதும் கை எனக்கில்லை, எடுத்துக்கொள்ளுங்கள்.

நம்பவைப்பது எப்படி என்று கேட்டீர்கள். அதற்கு நம்மிடம் ஒரு பெரிய வாத்தியார் இருக்கிறார்: சேக்கிழார். பெரியபுராணத்தில் சுந்தரர் கல்யாணத்தைக் குழப்ப வரும் கிழவரை நினைத்துப் பாருங்கள். வந்தவர் சிவன். அவர் நினைத்திருந்தால் நெற்றிக்கண்ணைத் திறந்து காட்டியிருக்கலாம். சேக்கிழார் அவருடைய கையில் ஓர் ஓலையைக் கொடுக்கிறார். "இவன் எனக்கு அடிமை" என்கிறது ஓலை. சுந்தரர் அதைப் பறித்துக் கிழித்துவிடுகிறார். கிழவர் வெண்ணெய்நல்லூர்ச் சபைக்குப் போய், கிழித்தது படியோலை, மூலவோலை என்னிடம் இருக்கிறது என்கிறார். சபையார் ஆட்சி, ஆவணம், அயலார் காட்சி (வழக்கம், எழுத்து, சாட்சி) என்ற மூன்றில் ஒன்றைச் சான்றாகக் கேட்கிறார்கள். மூலவோலை சுந்தரரின் பாட்டன் எழுதிக்கொடுத்தது என்பதால், அந்தப் பாட்டனின் கையெழுத்து உள்ள வேறோர் ஓலையைக் கொண்டுவந்து வரிவடிவத்தை ஒப்பிட்டுப் பார்க்கிறார்கள். பொருந்துகிறது. கடவுள் கொண்டுவந்த ஓலையை ஊர்ச்சபை சட்டப்படி சோதித்து ஏற்றுக்கொள்கிறது. அதிசயம் நடந்தது அதற்குப் பிறகுதான்.

இந்த ஒழுங்கைக் கவனியுங்கள். சேக்கிழார் ஓலையின் சக்தியைப் பற்றி ஒரு சொல் சொல்லவில்லை. மூலம் எது, படி எது, யார் எழுதியது, யார் சாட்சி, யார் சரிபார்த்தார் என்று மட்டும் சொன்னார். வாசகன் அதிலேயே விழுந்துவிட்டான். உங்கள் ஏடும் இப்படித்தான் நம்பப்படும். அதில் என்ன இருக்கிறது என்பதைவிட அது யார் யார் கைபட்டு வந்தது என்பது முக்கியம். எட்டு நூற்றாண்டுக்கு முந்தைய உத்தி. இன்னும் வேலை செய்கிறது.

அதனால் "ஆயிரம் வருடப் பழைய ஏடு" என்ற யோசனையையும் மாற்ற வேண்டும். நம்முடைய ஈரக் காற்றில் ஓர் ஓலை முந்நூறு நானூறு வருடம் தாண்டுவதே அபூர்வம். கரையான், இராமபாணப் பூச்சி, பூஞ்சணம், கூரை ஒழுக்கு. ஏடு செத்துக்கொண்டே இருக்கும். யாராவது புதிய ஓலையில் படி எடுத்துக்கொண்டே இருக்க வேண்டும். சங்கப் பாட்டு நமக்கு வந்து சேர்ந்தது இப்படித்தான். நூல் பழையதாக இருக்கலாம், ஓலை இளையதுதான். உங்கள் மறைநூல் ஆயிரம் வருடப் பழையது என்றால், நாயகியின் கையில் இருப்பது நாலாவது அல்லது ஐந்தாவது படி. அந்த ஐந்து பேரும் யார்? ஒருவன் கூலிக்கு எழுதியவன், பொருள் விளங்காதவன், ஆனால் எழுத்துப் பிசகாதவன். இன்னொருவன் புலவன்; விளங்காத இடத்தைத் தானே திருத்தியவன். என் அனுபவத்தில் ஆபத்தானவன் இரண்டாமவன்தான். ஒருவர் வாசிக்க இன்னொருவர் கேட்டு எழுதினால் காதுப்பிழை வரும், ளகரமும் லகரமும் மாறும். பார்த்து எழுதினால் கண் வரி தாவும். "எழுதினவன் ஏட்டைக் கெடுத்தான், படித்தவன் பாட்டைக் கெடுத்தான்" என்று நம்மவர் சும்மா சொல்லவில்லை.

படியெடுத்தவன் கடைசி ஏட்டில் இரண்டு வரி தன்னைப் பற்றி எழுதுவான். தன் பெயர், யாருக்காக எழுதினான், வருடம், மாதம், பிழை இருந்தால் பொறுக்கச் சொல்லி ஒரு வேண்டுகோள், ஏடு இரவல் எடுத்தவர் திருப்பித் தரச் சொல்லி இன்னொன்று. நான் எந்தக் கட்டைப் பிரித்தாலும் முதலில் போவது அந்த இடத்துக்குத்தான். இதில் உங்களுக்கு இனாமாக ஒரு கதைமுடிச்சும் கிடக்கிறது. பழைய குறிப்புகளில் வருடம் பெரும்பாலும் பிரபவ, விபவ என்ற அறுபது வருடச் சுற்றில்தான் இருக்கும். "விய வருடம் ஆடி மாதம்" என்றால் எந்த விய? அறுபது வருடத்துக்கு முந்தியதா, நூற்றிருபது வருடத்துக்கு முந்தியதா? எழுதியவன் அப்பனா, பாட்டனா, அல்லது அதே பெயர் வைத்த பேரனா என்று உங்கள் பாத்திரங்கள் சண்டை பிடிக்கலாம்.

இனி எழுத்துமுறை. தனி எழுத்து உருவாக்க வேண்டாம் என்பதுதான் என் பக்கம். யாராலும் இன்றுவரை படிக்க முடியாத வொய்னிச் சுவடி என்று ஒன்று அமெரிக்காவின் யேல் பல்கலைக்கழகத்தில் இருக்கிறது. அதன் தோல் 1404க்கும் 1438க்கும் இடைப்பட்டது என்று கரிமச் சோதனை சொல்கிறது. அதைப் பார்த்து மயங்கியவர்கள் எல்லோரும் கதைக்குள் புது எழுத்தை வரைகிறார்கள். படமாக அது அழகு. ஆனால் படிக்க முடியாத எழுத்தை வைத்து வாசகன் ஒன்றும் செய்ய முடியாது. நீங்கள் சொல்வதை நம்புவதைத் தவிர வழியில்லை. படிக்க முடிந்தும் இரண்டு விதமாகப் படிக்கக்கூடிய எழுத்துத்தான் கதைக்கு உயிர். அது தமிழ் ஏட்டில் ஏற்கெனவே இருக்கிறது.

பழைய ஏட்டில் புள்ளி கிடையாது. மெய்யெழுத்தா உயிர்மெய்யா என்று நாம்தான் தீர்மானிக்க வேண்டும். சொல்லுக்கும் சொல்லுக்கும் நடுவில் இடைவெளி இல்லை. துணைக்காலும் ரகரமும் ஒரே கோடு. எகரக் குறிலுக்கும் நெடிலுக்கும் ஒரே கொம்பு. நெடிலுக்குச் சுழித்த கொம்பு வந்தது பதினெட்டாம் நூற்றாண்டில் வீரமாமுனிவர் செய்த திருத்தத்தோடுதான். ஆகவே "எரி" என்பதும் "ஏரி" என்பதும் ஏட்டில் ஒன்றுபோலவே இருக்கும். நெருப்பும் நீரும் ஒரே எழுத்தில். உங்கள் நகரமோ ஏரிக்குள் போன நகரம்! (நமக்குக் குளமும் வாவியும்தான் வாயில் வரும், உங்கள் உலகத்துக்கு ஏரி இருக்கட்டும்.)

உங்களுக்காக ஒரு வெண்பா வரியின் துண்டு செய்து பார்த்தேன். ஏட்டில் இப்படி இருக்கிறது என்று வைத்துக்கொள்ளுங்கள்:

நாளையெரிகொளளுமநமமூர

புள்ளி வைத்துப் பிரித்தால் "நாளை எரிகொள்ளும் நம்மூர்". நாளைக்கு நம்மூரை நெருப்புக் கொள்ளும். சரி, "நாளை ஏரிகொள்ளும் நம்மூர்" என்று ஏன் இருக்கக்கூடாது? யாப்புத் தெரிந்த ஒரு பாத்திரம் உடனே மறுக்கும். நாளை என்பது தேமா. வெண்பாவில் மாவின் பின்னால் நிரை வர வேண்டும். எரி நிரை (குறிலில் தொடங்கும் இரண்டெழுத்து அசை), ஏரி என்றால் நேரில் (தனி நெடில் அசையில்) தொடங்கித் தளை தட்டும், அதாவது சீரும் சீரும் இணையாது. ஆகவே நெருப்புத்தான். ஊரைக் காலி செய்துகொண்டு எல்லோரும் ஏரிக்கரைக்கு ஓடுகிறார்கள்.

அங்கே இன்னொரு பாத்திரம், ஏடெழுதிப் பிழைத்த ஒரு கிழவி என்று வையுங்களேன், ஏட்டை மறுபடி வாங்கிப் பார்க்கிறாள். படியெடுப்பவன் எங்கே பிழை விடுவான் என்று அவளுக்குத் தெரியும். ஒரே எழுத்து அடுத்தடுத்து இரண்டு தடவை வந்தால் ஒன்றை விழுங்கிவிடுவான். மூல ஏட்டில் "நாளையெயெரி" என்று இருந்திருந்தால்? அதாவது "நாளையே ஏரிகொள்ளும் நம்மூர்". இப்போது நாளையே என்பது கூவிளம், விளத்தின் பின்னால் நேர் வர வேண்டும், ஏரி நேரில் தொடங்குகிறது, தளை சுத்தம். இரண்டு வாசிப்பும் இலக்கணப்படி சரி. ஒரு "யெ" விழுந்ததில் நீர் நெருப்பாகிவிட்டது. மக்கள் எல்லோரும் ஏரிக்கரையில். இதைவிடப் பெரிய சாபத்தை எந்தத் தோல் அட்டைப் புத்தகத்தில் எழுதப்போகிறீர்கள்?

ஏட்டின் கட்டுமானத்துக்கு வருவோம். ஒவ்வோர் ஏட்டிலும் துளை இருக்கும். துளையில் கயிறு ஓடும். மேலும் கீழும் சட்டப்பலகை. இரண்டு துளை இருந்தால் ஒன்றில் நாராசம் என்ற கம்பி நிற்கும். ஏட்டெண் இடப்பக்க ஓரத்தில் தமிழ் எண்ணில் இருக்கும். கயிறு அறுந்தால் எல்லாம் சிதறும்; எண்ணைப் பார்த்து அடுக்க வேண்டும். ஓரத்தைத்தான் பூச்சி முதலில் தின்னும் என்பதால் பல நேரம் எண்ணும் இருக்காது. எண் போன ஏட்டை எப்படி அடுக்குவது? இதற்கு நம் பாட்டன்மார் ஒரு பூட்டு வைத்திருந்தார்கள், அந்தாதி. ஒரு பாட்டு முடிகிற சொல்லில் அடுத்த பாட்டுத் தொடங்கும். ஓர் ஏட்டின் கடைசிச் சொல்லையும் இன்னோர் ஏட்டின் முதற்சொல்லையும் பொருத்திக்கொண்டே போனால் கட்டு தானாக ஒழுங்குக்கு வரும். நடுவில் ஓர் ஏடு தொலைந்திருந்தால் சங்கிலி எங்கே அறுந்தது என்று அச்சொட்டாகத் தெரியும். தொலைந்த பாட்டின் முதற்சொல்லும் கடைசிச் சொல்லும்கூடத் தெரிந்துவிடும். தொலைந்த பாட்டை உங்கள் நாயகி தேடலாம், கெட்டிக்காரி என்றால் தானே கட்டிப் பார்க்கலாம், அது பலித்தும்விடலாம்.

இன்னும் ஒருபடி மேலே போகலாம். அந்தாதியின் கடைசிச் சொல் முதற்பாட்டின் தொடக்கத்தோடு சேர்ந்தால் மண்டலித்தது என்பார்கள். அபிராமி அந்தாதி "உதிக்கின்ற" என்று தொடங்கி நூறாவது பாட்டில் "உதிக்கின்றவே" என்று முடிவது உங்களுக்குத் தெரிந்திருக்கும், வீட்டில் யாராவது பாடியிருப்பார்கள். அப்படி மண்டலித்த ஒரு நூலில் கயிறும் அறுந்து எண்ணும் போய்விட்டால் முதல் ஏடு எது என்பதே இல்லை. எங்கே தொடங்கினாலும் வட்டம் வரும். வடக்குநாட்டான் ஒரு பாட்டில் தொடங்கி அதை ஆக்கத்தின் நூல் என்கிறான், தெற்குநாட்டான் வேறொன்றில் தொடங்கி அழிவின் நூல் என்கிறான். ஓலைகளோ அதே ஓலைகள்.

பெயரும் இப்படித்தான் இருக்க வேண்டும். நீங்கள் வைத்த கம்பீரமான பெயரை நூலே தன் நெற்றியில் எழுதிவைத்திருக்காது. கட்டின் மேல் ஏடும் கீழ் ஏடும்தான் முதலில் உதிர்வது. பெயரும் ஆக்கியோனும் இருப்பது அந்த இரண்டில். அதனால் வைத்திருப்பவன்தான் பெயர் வைப்பான். மருத்துவன் வீட்டில் அது "வாகட ஏடு", கோயிலில் "பூசை ஏடு", பயந்தவன் வீட்டில் "அந்தக் கட்டு".

சாபம், மறைபொருள் இதெல்லாம் வேண்டும் என்றால் சித்தர் பாடல்களைப் பாருங்கள், வெளியில் தேட வேண்டாம். ஒரு சொல்லைச் சொல்லி இன்னொன்றைக் குறிக்கும் பரிபாஷை அங்கே நிறைய. தகுதியில்லாதவனுக்குக் காட்டாதே என்ற மிரட்டலும் உண்டு. மட்டக்களப்புக்குப் போனால் பாயோடு ஒட்டவைத்துவிடுவார்கள் என்று கொழும்பில் பகிடியாகச் சொல்வோமே, அந்தப் பகிடிக்குப் பின்னாலும் மந்திர ஏடுகளின் பெயர் இருக்கிறது. வைத்தீசுவரன் கோயில் நாடி சோதிடம் பலிக்குமா என்று என்னைக் கேட்காதீர்கள், எனக்கு நம்பிக்கையில்லை. ஆனால் கதைசொல்லியாக அவர்களிடம் படிக்க ஒன்று உண்டு. ஆணுக்கு வலது, பெண்ணுக்கு இடது என்று பெருவிரல் ரேகை வாங்கி, கட்டுக் கட்டாக ஏட்டை எடுத்து, "தகப்பன் பெயர் இந்த எழுத்தில் தொடங்குமா? இல்லையா? சரி, அடுத்தது" என்று தள்ளித் தள்ளிக்கொண்டு போவார்கள். கிடைப்பதற்கு முன்னால் பத்து ஏடு கிடைக்காமல் போக வேண்டும். உங்கள் நாயகி முதல் முயற்சியிலேயே சரியான ஏட்டை எடுத்துவிடுகிறாள். அதுவும் கண்ணை மூடிக்கொண்டு!

ஒரு ஞாயிற்றுக்கிழமை கொழும்பு ஏழில் தேசிய நூதனசாலைக்குப் போங்கள். 1877இல் திறந்த கட்டடம். அதன் நூலகத்தில் ஏடுகள் ஆயிரக்கணக்கில் உண்டு, ஆனால் நான் உங்களை அனுப்புவது ஒரு கல்லைப் பார்க்க. 1409ஆம் ஆண்டுத் தேதியோடு சீனக் கடற்படைத் தளபதி செங் ஹோவின் கப்பல்களில் வந்த மும்மொழிக் கல்வெட்டு. 1911இல் காலியில் கண்டெடுத்தபோது அது வாய்க்காலுக்கு மூடியாகக் கிடந்தது. அதில் சீனம், தமிழ், பாரசீகம் என மூன்று மொழி. ஒரே பேரரசர் பொன்னும் வெள்ளியும் பட்டும் காணிக்கை தருகிறார். சீனத்தில் அது புத்தருக்கு, தமிழில் தெவிநுவரைக் கோயில் கடவுளான தேனாவரை நாயினாருக்கு, பாரசீகத்தில் இஸ்லாத்துக்கு. ஒவ்வொருவரும் தன் மொழியை மட்டும் வாசித்துவிட்டு, தன் கடவுளுக்குத்தான் எல்லாம் என்று மகிழ்ந்து போயிருப்பார். மூன்றையும் வாசிக்கத் தெரிந்த ஒருவர் அன்று காலியில் நின்றிருந்தால் அவர் முகம் எப்படி இருந்திருக்கும்? உங்கள் ஏட்டுக்குப் பல மொழி கொடுக்க நினைத்தால் மொழிபெயர்ப்புச் சரியாக இருக்கவே கூடாது.

கடைசியாக, உங்கள் கடைசி அத்தியாயம். அதில் ஏட்டை எரிக்கிறீர்கள். தீமை ஒழிகிறது, விடிகிறது. இதை மட்டும் கொஞ்சம் ஆறுதலாக யோசியுங்கள். சிறுப்பிட்டியிலிருந்து போய் ஏடு தேடி அச்சேற்றிய சி. வை. தாமோதரம்பிள்ளை, 1887இல் கலித்தொகையைப் பதிப்பித்தபோது, ஏட்டை எடுத்தால் ஓரம் சொரிகிறது, கட்டை அவிழ்த்தால் இதழ் முரிகிறது என்று அழாக்குறையாக எழுதிவைத்தார். அது பூச்சி செய்த வேலை. 1981இல் யாழ்ப்பாணப் பொது நூலகம் எரிந்தபோது சுமார் 97,000 நூல்களோடு ஏடுகளும் சாம்பலாயின. அது பூச்சி செய்ததல்ல. உங்களுக்கு அப்போது பிறப்பே இல்லை. ஆனால் உங்கள் வாசகர்களில் பாதிப்பேருக்கு வீட்டில் யாரோ ஒருவர் அந்தப் புகையைப் பற்றிச் சொல்லியிருப்பார். எரிகிற ஏட்டைப் பார்த்து அவர்கள் விடிந்தது என்று நினைக்கமாட்டார்கள்.

அதை உங்களுக்குச் சாதகமாகவும் ஆக்கிக்கொள்ளலாம். "நாளையெரிகொளளுமநமமூர" என்ற வரியை விளக்கம் இல்லாமல், புள்ளி இல்லாமல், அப்படியே பக்கத்தின் நடுவில் போடுங்கள். எங்கள் ஆட்கள் எரி என்றுதான் வாசிப்பார்கள். ஏரி என்ற நினைப்பே அவர்களுக்கு வராது. கிழவியை அதற்கு அடுத்த அத்தியாயத்தில் கொண்டுவாருங்கள், முந்திவிட வேண்டாம்.